பச்சைக் கோடு போட்ட டயர்கள்

லெப்பைக்குடிக்காடு
வியாழன்

அன்பு மகன் ஆகிபுக்கு அம்மா எழுதுவது, அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நானும் அத்தாவும் அல்லாஹ்வின் கிருபையால் சுகம், உன் தங்கை மர்ஜியா பரீட்சைக்குப் படிக்கிறாள், ஷார்ஜா வெயிலில் உன் உடம்புக்கு ஒன்றும் வராமலிருக்க துஆச் செய்கிறேன். போனில் சொன்னால் பாதியிலேயே குறுக்கிட்டு என் வாயை அடைத்துவிடுவாய், அதனால்தான் எழுதி, நாளை விமானம் ஏறும் உன் சிநேகிதன் அம்மாரிடம் கொடுத்தனுப்புகிறேன்.

குன்னம் ரோட்டில் உன் சின்னத்தா மதார் நடத்தும் டயர் ஆலையில் சென்ற வாரம் உலை தீப்பிடித்தது. அங்கே வேலை பார்க்கும் சாமிதுரைக்கு லேசான காயம் என்று உன்னிடம் சொல்லியிருப்பார், நம்பாதே, திருச்சி ஆஸ்பத்திரியில் போய்ப் பார்த்தேன், இரண்டு கையும் மார்பும் வெந்து கிடக்கிறார். உலை ஆறுவதற்குள் கதவைத் திறந்திருக்கிறார்கள். சூடு தணியல முதலாளி என்று அவர் சொன்னாராம், அதற்கு உன் சின்னத்தா, இன்னொரு கன்டெய்னர் வந்து நிக்குது, நீ என்ன பொண்ணு பாக்கவா வந்த, தெறடா என்றாராம். அந்தக் கன்டெய்னர் நீ அனுப்பியது ஆகிப். ரப்பர் விலை ஏறுகிறது, பழைய டயரை அரைத்த தூளுக்கு நல்ல கிராக்கி, ரோட்டுக்கும் தரைவிரிப்புக்கும் போகிறது, குப்பையும் குறையும் என்று நீங்கள் இருவரும் சொன்னபோது நானும் பெருமைப்பட்டேன். ஆஸ்பத்திரிக்குப் போய்வந்த மறுநாள் ஆலைக்குப் போனால் அரைக்கும் மெஷின் துருப்பிடித்துக் கிடக்கிறது. தூளைவிட, டயரை உலையில் வேகவைத்து எடுக்கும் எண்ணெயில் சீக்கிரம் காசு வருகிறதாம், எல்லாம் உலைக்குத்தான். வெளிநாட்டு டயரை அப்படி உலையில் போட அனுமதியே கிடையாது என்று உனக்குத் தெரியுமா? ஏற்றுமுன் நீ சோதித்து முடித்த டயருக்குப் பச்சைப் பெயின்டில் கோடு போடுவதை வீடியோவில் காட்டினாயே, அந்தக் கோட்டோடு டயர்கள் குவிந்திருந்தன. தூளாக்க மட்டும் என்று எழுதிய ஏற்றுமதித் தாளில் உன் கையெழுத்துதானே இருக்கும் என்று நினைத்ததும் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். அன்றிலிருந்து வாசலில் பைக் நின்றால்கூடப் போலீஸோ என்று ஜன்னலில் எட்டிப் பார்க்கிறேன்.

இதற்கு நடுவே சாமிதுரையின் மனைவி வெற்றிச்செல்வி வந்தாள். அக்கா, நீங்க படிச்சவங்க, கலெக்டருக்கு ஒரு மனு எழுதிக் குடுங்க, உங்க கொழுந்தனார் பேரத்தான் போடணும், கோவிச்சுக்காதீங்க என்றாள். டயரை அனுப்புவது என் பிள்ளை என்று அவளுக்குத் தெரியாது. வேறு யாரிடமாவது எழுதி வாங்கிக்கொள் என்று சொல்ல நாக்கு நுனிவரை வந்தது. விசாரணை என்று வந்தால் டயர் எங்கிருந்து வந்தது என்று கேட்பார்கள், கடைசியில் உன்னிடம்தான் வந்து நிற்பார்கள்.

எழுதிக் கொடுத்துவிட்டேன். டயர் எங்கிருந்து வருகிறது என்பதையும் எழுதினேன், அதை விட்டால் வெறும் விபத்து என்று மூடிவிடுவார்கள். திங்கட்கிழமை அவளோடு பெரம்பலூர் போய்க் கொடுத்தும் ஆயிற்று, அத்தாவுக்குக்கூட இன்னும் தெரியாது. உன்னை முதலில் கேட்டிருந்தால் கொஞ்சம் பொறும்மா என்றிருப்பாய், நானும் பொறுத்திருப்பேன். அதற்குப் பயந்துதான் கேட்கவில்லை.

அடுத்த கன்டெய்னருக்குக் கையெழுத்துப் போடாதே. அங்கே நல்ல வக்கீலாகப் பார். தெரிந்து செய்தாயா, தெரியாமல் செய்தாயா, அதை மட்டும் என்னிடம் மறைக்காதே, எதுவானாலும் நீ என் பிள்ளைதான். அல்லாஹ் உன்னைக் காப்பாற்றட்டும், உன்னால் இனி யாருக்கும் தீங்கு வராமலும் காப்பாற்றட்டும். நேரத்துக்குச் சாப்பிடு. இதைப் படித்ததும் சின்னத்தாவுக்குப் போன் போடாதே, முதலில் எனக்குப் போடு.

உனக்காகப் பயந்துகொண்டிருக்கும் அம்மா,
சாகிரா