லக்கலப் பாலத்துக்கு ஒரு சாட்சி

மாத்தளை
12.03.2023

அன்புள்ள ஸக்கரியா ஹாஜியாருக்கு,

நலம். உங்கள் நலமறிய ஆவல். மூன்று நாளாக என் போனை வெட்டுகிறீர்கள், அதனால் பேனையை எடுத்தேன். உங்கள் கோபம் நியாயம். நீங்கள் கட்டிய லக்கலப் பாலத்தை நானே நாடா பிடித்து அளந்தேன். ஓர் அங்குலம் குறையவில்லை. ஒரு கோடியே பத்து லட்சமும் எங்கள் அலுவலகம் உங்களுக்குத் தரவேண்டிய பணம்தான். திறைசேரியிலிருந்து நிதி வரவில்லை, அவ்வளவே. ஒருநாள் வீட்டுக்கு வந்து நேரிலேயே திட்டிவிட்டுப் போங்கள்.

அன்புடன்,
சுந்தரலிங்கம்


உக்குவளை
04.08.2025

அன்புள்ள சுந்தரலிங்கம் சேர்,

சுகம்தானே? மண் அள்ளும் பெக்கோ மெஷினை, தவணை கட்டவில்லை என்று லீசிங்காரர் போன வாரம் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள். என் மனைவி ஹமீமா வாசலில் நின்று பார்த்துவிட்டு உலை வைக்கப் போனாள். அவள் ஏசியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

தங்கச்சி மகள் ஜெஸ்லா கண்டியில் லோயராக இருக்கிறாள் அல்லவா? "மாமா, மூணு வருஷமா கெஞ்சினது போதும், உரிமையக் கேளுங்க"ன்னு வந்து நின்றாள். தாமதத்துக்கு வட்டியும் சேர்த்து உங்கள் அலுவலகத்துக்குக் கோரிக்கைக் கடிதம் அனுப்பினாள். தராவிட்டால் ஒப்பந்தத்தில் உள்ளபடி, பொதுவான ஒருவர் விசாரித்துச் சொல்லும் நடுத்தீர்ப்புக்குப் போகலாமாம். உங்கள் புதிய மேலதிகாரியின் பதிலைப் பாருங்கள்: ஃபைல் கிடைக்கவில்லை, வேலை ஏற்கப்பட்டதற்கு ஆவணமும் இல்லை!

அப்போதுதான் ஜெஸ்லா என் மேசை லாச்சியில் உங்கள் பழைய கடிதத்தைக் கண்டாள். "இது ஒண்ணு போதும்"ன்னு துள்ளுகிறாள். நான் உங்களைக் கேட்காமல் கொடுக்கமாட்டேன். கொடுக்கட்டுமா?

உங்கள்,
ஸக்கரியா


மாத்தளை
11.08.2025

ஹாஜியார்,

வேண்டாம். எதையும் எழுத்தில் கொடுக்கக்கூடாது என்று மேலிடத்து உத்தரவு. ஒப்பந்தக்காரருக்கு இரகசியமாகக் கடிதம் எழுதினேன் என்று விசாரணை வைப்பார்கள். ஜனவரியில் ஓய்வு பெறுகிறேன். பென்ஷனை நிறுத்திவைத்தால் நானும் மனைவி சுசீலாவும் எங்கே போவோம்? எனக்குப் பயமாக இருக்கிறது. கொஞ்சம் பொறுங்கள்.

சுந்தரலிங்கம்


உக்குவளை
20.08.2025

அன்புள்ள சேர்,

உங்கள் 2023ஆம் ஆண்டுக் கடிதத்தை இத்துடன் திருப்பி அனுப்புகிறேன். போட்டோ கொப்பி எடுக்கவில்லை, அல்லாஹ் சாட்சி. ஜெஸ்லா என்னை நன்றாக ஏசினாள்.

ஆனால் பொறுக்கமாட்டேன். நேற்று நடுத்தீர்ப்புக்கு அறிவித்தல் அனுப்பிவிட்டோம். ஃபைல் தொலையலாம் சேர், பாலம் தொலையாது. நடுத்தீர்ப்பாளரை ரத்தோட்டை வழியாக லக்கலவுக்கே கூட்டிப்போய், அவர் கையிலேயே நாடாவைக் கொடுப்பேன். பாலத்தின் மேல் பஸ் போகும்போது வேலை முடியவில்லை என்று யார் சொல்வது? கொஞ்சம் நாளாகும், செலவும் ஆகும். ஆனாலும் வெல்வேன்.

உங்கள் மேல் எனக்கு வருத்தம் உண்டு. இல்லை என்று பொய் சொல்லமாட்டேன். அதற்காக உங்கள் பென்ஷனில் கைவைத்து என் மெஷினை மீட்கமாட்டேன்.

உங்கள்,
ஸக்கரியா


பொறியியல் பிரிவு
மாத்தளை
01.09.2025

திரு. ஸக்கரியா,
ஒப்பந்தக்காரர், உக்குவளை.

ஐயா,

லக்கலப் பாலம்: இறுதிக் கொடுப்பனவு

மேற்படி வேலை 2022 ஓகஸ்டில் பூரணமாக முடிக்கப்பட்டு, என்னால் அளக்கப்பட்டு, ஏற்கப்பட்டது என்பதை உறுதிப்படுத்துகிறேன். ரூபா ஒரு கோடியே பத்து லட்சம் தங்களுக்குச் செலுத்தப்பட வேண்டியுள்ளது. இக்கடிதத்தைத் தாங்கள் எவ்விடத்திலும் சமர்ப்பிக்கலாம்.

தங்கள் உண்மையுள்ள,
க. சுந்தரலிங்கம்
பொறியியலாளர் (ஒப்பமும் முத்திரையும்)

பிரதிகள்: மேலதிகாரி, கணக்காய்வுப் பிரிவு


01.09.2025, வீட்டிலிருந்து

ஹாஜியார்,

அலுவலகக் கடிதம் பதிவுத் தபாலில் வரும். நீங்கள் திருப்பி அனுப்பிய கடிதத்தையும் அதோடு எழுதியதையும் சுசீலாவிடம் வாசிக்கக் கொடுத்தேன். "அந்த மனுசன் உங்களுக்குக் குடுத்த மரியாதையை நீங்கள் அவருக்குக் குடுக்கேல்லை" என்றாள். வெட்கப்பட்டுப் போனேன்.

என்னைச் சாட்சியாக அழைக்கச் சொல்லுங்கள். வழக்கு முடியும்வரை நாம் பேசக்கூடாது; பேசினால் இருவரும் கூடிச் செய்த சாட்சி என்பார்கள். வழியில் கண்டாலும் தெரியாதவர்போலப் போய்விடுங்கள். நானும் அப்படியே போவேன்.

உங்கள்,
சுந்தரலிங்கம்