புகை நின்றால் வருவார்கள்

என் அருமை அண்ணன் ஞானமுத்துவுக்கு,

ஆண்டவருடைய வீட்டில் உனக்குத் தாகம் இருக்காது என்கிற நம்பிக்கையில் இதை எழுதுகிறேன். நம் சபைப் பத்திரிகையில் உன்னைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை எழுதிக் கொடு என்று போதகர் கேட்டார். உட்கார்ந்து பார்த்தேன். நல்லதாக எதுவும் வரவில்லை. வந்ததை எழுதுகிறேன்.

முதலில் செய்தியைச் சொல்லிவிடுகிறேன். உலகச் சண்டை முடிந்துவிட்டது. பறவைத் துரை தூத்துக்குடிக்குத் திரும்பி வந்திருக்கிறார். தலை நரைத்திருக்கிறது, மற்றபடி அதே தொப்பி, அதே கண்ணாடி. அதே தீவுக்கு, அதே ஆலாப் பறவைகள் முட்டையிடும் மாதத்தில், அவருக்கு ஆள் வேண்டுமாம். உன் இடத்துக்கு யாரைக் கேட்டிருக்கிறார் தெரியுமா? என் கொழுந்தன் பொன்ராஜை. அவன் சரி என்று சொல்லிவிட்டான்.

உன்னைத் தெரியாதவர்களும் இதை வாசிப்பார்கள். அவர்களுக்காக உன் வேலையைச் சொல்ல வேண்டும். துரை தீவுப் பறவைகளைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறவர். தீவுக்கு வருவார், சில நாள் தங்குவார், பங்களாவுக்குத் திரும்பிவிடுவார். நீ அங்கேயே கிடப்பாய். ஓலைத் தட்டிக்குப் பின்னால் மணலில் குப்புறப் படுத்து, எந்த ஆலா எந்த முட்டையில் உட்காருகிறது, எப்போது மீனுக்குப் போகிறது, எப்போது திரும்புகிறது என்று பார்ப்பாய். ஒவ்வொரு கூட்டுக்கும் பக்கத்தில் நம்பர் எழுதிய குச்சி நடுவாய். துரை சுட்ட பறவையைத் தோல் உரித்து, பாஷாணம் கலந்த சோப்பைப் பூசி, பஞ்சடைத்து, காலில் சீட்டுக் கட்டிப் பெட்டியில் படுக்க வைப்பாய்.

என் வீட்டுக்கு வந்தால் நீ கரண்டியால்தான் சாப்பிடுவாய். பாஷாணம் நகக்கண்ணில் இருந்தாலும் இருக்கும் என்று பயம். பிள்ளைகள் உன்னைத் “துரை மாமா” என்று கேலி செய்தார்கள். நீயும் தொப்பி போட்டமாதிரி தலையைத் தட்டிக்கொண்டு சிரித்தாய். இப்போது அந்தக் கரண்டியை யாரும் எடுப்பதில்லை.

எங்கள் கடைக் கணக்கு இன்றும் நான்தான் எழுதுகிறேன். கணக்கு இடித்தால் எங்கே பிசகு என்று கண்டுபிடிக்கும்வரை எனக்குச் சோறு இறங்காது. உன் சாவையும் அப்படித்தான் இத்தனை வருஷமாக மேலிருந்து கீழாக, கீழிருந்து மேலாகக் கூட்டிப் பார்க்கிறேன்.

கடைசியாகத் துரை தீவிலிருந்து கிளம்பின அன்றைக்கு உனக்குக் குளிர்காய்ச்சல். சூசை அண்ணாச்சியின் படகில் பறவைத் தோல் பெட்டிகளை ஏற்றினார்கள். பெட்டி போக ஓர் ஆளுக்கு இடம் இருந்ததாம். “அவரையும் ஏத்திக்கிடுவோம் துரை, உடம்பு கொதிக்கி” என்று சூசை அண்ணாச்சி கேட்டிருக்கிறார். குஞ்சு பொரிக்கிற சமயம், ஆள் இல்லாவிட்டால் இந்த வருஷ வேலையே வீண் என்றாராம் துரை. நீ என்ன சொன்னாய்? “நான் இருக்கேன், படகு சீக்கிரம் வந்தாப் போதும்” என்றாயாம். யார் கேட்டார்கள் உன்னை அப்படிச் சொல்லச் சொல்லி?

தண்ணீர் ஏன் குறைந்தது என்பதையும் சூசை அண்ணாச்சி சொல்லித்தான் அறிந்தேன். இறகில் பட்ட ரத்தத்தைக் கடல் தண்ணீரில் கழுவினால் உப்புப் பூத்துவிடுமாம். அதனால் கடைசி நாள் சுட்ட பறவைகளையெல்லாம் குடிக்கிற தண்ணீரில் கழுவினீர்கள். செத்த பறவைகள் சுத்தமாகப் போய்ச் சேர்ந்தன. பீப்பாயின் அடியில் கிடந்தது உனக்கு.

துரை பெட்டிகளோடு ரயில் ஏறிவிட்டார். படகை அனுப்பும் பொறுப்பைத் தன் கணக்குவழக்கைப் பார்க்கும் ரைட்டரிடம் விட்டுப் போனார். கச்சான் காற்று தூக்கியடித்துக்கொண்டிருந்தது. காற்று அடங்கட்டும் என்று இருந்தபோதுதான் தீவில் புகை தெரிந்தது.

நாசரேத்துப் பக்கம் ஓலைக்கூரை ஊர்களில் பிறந்தவர்கள் நாம். புகை கண்டால் பனங்காட்டில் இருக்கிறவன்கூடக் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவான். நீ அதை நம்பித்தானே பச்சைச் செடியைப் பிடுங்கித் தீயில் போட்டாய்? இந்தக் கரையில் வழக்கம் வேறு, அண்ணே. தீவில் புகை தெரிந்தால் யாரோ சீனாவுக்கு விற்கக் கடலட்டை பிடித்துக் கொப்பரையில் அவிக்கிறார்கள் என்று அர்த்தம். ஒருவன் கொப்பரை புகைகிற தீவில் இன்னொருவன் கால் வைக்கக் கூடாது. வைத்தால் திருட வந்தான் என்று அடிப்பார்கள். அதற்குமுன் அட்டை அவிக்கும் காலத்தில் நீ தீவில் இருந்ததே இல்லை. உனக்கு யாரும் இதைச் சொல்லவும் இல்லை.

நீ புகை போடப் போட, அந்தப் பக்கம் போன படகெல்லாம் விலகிப் போயின.

“அட்டைக்காரங்க வந்துட்டாங்க, அவங்கட்ட தண்ணி இருக்கும், ஞானமுத்து குடிச்சிக்கிடுவாரு” என்று காற்று அடங்கின பிறகும் சூசை அண்ணாச்சி படகைக் கரையிலேயே கட்டிப் போட்டார். ரைட்டர் எங்கள் கடையில் வெற்றிலை வாங்க வந்தவர், “நம்ம நாசரேத்தாரு துரை சம்பளத்துல தனி யாவாரம் ஆரம்பிச்சிட்டாரு போலுக்கே, அண்ணாச்சி!” என்று சிரித்தாராம். என் வீட்டுக்காரரும் சிரித்தாராம். இதை அவரேதான் பிறகு என்னிடம் சொன்னார், சிரிக்காமல்.

அப்புறம் புகை நின்றது. நின்ற மறுநாள் விடிந்ததும் திரேஸ்புரத்திலிருந்து மூன்று படகுகள் போட்டி போட்டுக்கொண்டு போயின. புகை நின்றால் அட்டைக்காரர்கள் தீவைக் காலி செய்துவிட்டார்கள் என்று அர்த்தம். அவர்கள் விட்டுப்போன சின்ன அட்டையும் விறகும் முதலில் இறங்குகிறவனுக்கு. அப்படி இறங்கினவன்தான் உன்னைப் பார்த்தான். உன் கை இன்னும் விறைக்கவில்லையாம். மடக்கினால் மடங்கிற்றாம்.

ஒரு நாள் முன்னால் நீ அந்தத் தீயை அணைத்திருந்தால்?

இன்னொன்றும் கேட்க வேண்டும். குச்சி நடாத கூடுகளில் முட்டை ஓடு உடைந்து கிடந்ததாம். உறிஞ்சிக் குடித்திருக்கிறாய். குச்சி நட்ட கூடுகளில் ஒன்றைக்கூட நீ தொடவில்லையாம். ஏன் அண்ணே? அந்த முட்டைகளுக்குள் இருந்ததும் ஈரம்தானே? உன் பிள்ளைகள் இரண்டு பேர் மதினியின் பிறந்தவீட்டில் அடுத்தவன் சோற்றைத் தின்கிறார்கள். ஆலாவின் பிள்ளைகளை நீ காப்பாற்றிவிட்டாய். எனக்கு உன்மேல் இருக்கிற கோபம் துரைமேல் இருக்கிறதைவிடக் குறைவு என்று சொல்ல மாட்டேன்.

போன வாரம் துரை எங்கள் வீட்டுக்கே வந்தார். ரைட்டரும் கூட. நான் காப்பி கொடுத்தேன். கொடுக்காமல் இருக்க முடியுமா? துரை இங்கிலீஷில் என்னவோ சொன்னார். ரைட்டர் என் பக்கம் திரும்பினார்.

“உங்க அண்ணன் மாதிரி உண்மையான ஆளைப் பாத்ததே இல்லைன்னு துரை சொல்லுதாரு. குச்சி நட்ட கூட்டுல ஒரு முட்டை குறையலையாம்.”

“தண்ணிப் பீப்பாயில எவ்வளவு குறைஞ்சிருந்துதுன்னு கேளுங்க, ரைட்டர் ஐயா.”

ரைட்டர் அதைத் துரையிடம் சொல்லவில்லை. காப்பி நன்றாக இருக்கிறது என்று நான் சொன்னதாகவோ என்னவோ சொல்லிவைத்தார். துரை தலையை ஆட்டினார்.

“ஏளா, உள்ள போ” என்றார் என் வீட்டுக்காரர்.

நான் போகவில்லை. “இந்தத் தடவை படகு தீவுலயே நிக்குமா?”

ரைட்டர் கேட்டுச் சொன்னார்: “படகு நின்னா பறவை மிரளுமாம். வாரத்துக்கு ஒருக்க வருமாம்.”

“காத்து அடிச்சா?”

பொன்ராஜ் குறுக்கே விழுந்தான். “விடுங்க மைனி. நான் கடக்கரையில வளந்தவன். உங்க அண்ணன மாதிரியா…”

“சொல்லுல. எங்க அண்ணன மாதிரி?”

“புகையப் போட்டுச் சாக மாட்டேன்.”

ரைட்டர் சிரித்தார். என் வீட்டுக்காரர் சிரித்தார். எதற்கென்று தெரியாமல் துரையும் சேர்ந்து சிரித்தார்.

இது புதிதல்ல, அண்ணே. கரையில் எவனாவது முட்டாள்தனம் செய்தால், “என்னல, நாசரேத்தான் புகை போட்ட கணக்கா?” என்கிறார்கள். மீன்காரி என்னிடமே ஒருதரம் சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டாள். உன் பெயர் துரையின் புத்தகத்தில் இல்லை. இந்தக் கேலியில்தான் இருக்கிறது.

பொன்ராஜ் கிளம்புவதற்கு முந்தின நாள் மத்தியானம் அவனுக்குச் சோறு போட்டுவிட்டு எதிரில் உட்கார்ந்தேன். உன் முகம் எப்படி இருந்தது என்று, சூசை அண்ணாச்சி என்னிடம் சொன்னதையெல்லாம் சொன்னேன். ஒட்டிப்போன உதடு, கறுத்த நாக்கு, விரல் நுனியைக் கடித்திருந்த நண்டு. அம்மா சாகும்வரை அம்மாவிடம் சொல்லாததை அந்தப் பயலிடம் சொன்னேன். சோற்றில் வைத்த கையை அவன் எடுக்கவே இல்லை. கண்ணில் தண்ணீர் வரும்வரை சொன்னேன். அது பாவம் என்றால் பாவம்தான்.

“இனி போக மாட்டியே?” என்றேன்.

“துரைக்கு வாக்குக் குடுத்துட்டேன் மைனி.”

உன் குரலேதான். அதற்குமேல் மல்லுக்கு நிற்கவில்லை. “அப்ப நான் சொல்லுததக் கேளு. தீவுல இறங்கின அன்னைக்கே தீ போடு. தெனமும் ஈரச் செடியப் போட்டுப் புகைய வை. சோறு ஆக்காட்டாலும் புகை போகணும். உனக்கு ஒண்ணுன்னா, தண்ணி தீந்தா, காய்ச்சல் வந்தா, உடனே தீய அணைச்சிரு.”

அவன் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தான். கடற்கரையில் வளர்ந்த பிள்ளை, புரிந்துவிட்டது. “அப்ப திருட வாரவன்தான் என்னயக் காப்பாத்தணுமா?”

“எங்க அண்ணனுக்குச் சம்பளம் குடுத்தவன் வரல. சொந்தக்காரன் வரல. திருட வந்தவன்தாம்ல வந்தான்.”

நேற்று அவன் தீவில் இறங்கிவிட்டான். இன்று காலை மாடியில் ஏறிப் பார்த்தேன். தீவுக்கு மேலே மெல்லிசாகப் புகை தெரிகிறது. கீழே கடையில், “எவனோ அட்டை அவிக்க ஆரம்பிச்சிட்டான்டோய்” என்று ஒருவன் சொல்வது கேட்டது. நான் வாயைத் திறக்கவில்லை. இந்தப் பத்திரிகையைக் கரையில் யாரும் வாங்குவதில்லை. என் வீட்டுக்காரர் நான் எழுதுகிற எதையும் வாசிப்பதில்லை. அதனால்தான் இதை இங்கே எழுதத் துணிந்தேன்.

அண்ணே, உனக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன். ஜெபம் முடிந்ததும் ஒவ்வொரு நாளும் மாடிக்குப் போவேன். என்றைக்குப் புகை இல்லையோ அன்றைக்குக் கடைவாசலில் வந்து நின்று, தீவில் கொப்பரையோடு அட்டையை அப்படியே விட்டுவிட்டு ஓடிவிட்டார்களாம் என்று கத்திச் சொல்வேன். வாழ்நாளில் பொய் சொல்லாதவள் சொன்னால் ஊர் நம்பும். ஒருவனை ஒருவன் முந்திக்கொண்டு படகைத் தள்ளுவார்கள். ஆண்டவரிடம் நான் பேசிக்கொள்கிறேன்.

உன்னோடு ஒரே வயிற்றில் பிறந்த தங்கை,
கிருபை