அப்பா கழற்றிய ஏசி ஃபில்டர்

மஸ்கட்,
வெள்ளிக்கிழமை

அன்புள்ள அப்பாவுக்கு ரஞ்சனி எழுதுவது. நான் சுகம். உங்கள் இருமல் எப்படி இருக்கிறது? போனில் கேட்டால் "ஒண்ணுமில்ல சாமி" என்று அம்மாவிடம் கொடுத்துவிடுகிறீர்கள். அதனால்தான் எழுதுகிறேன்.

கோழிப் பண்ணைகளுக்குத் தீவனம் ஏற்றும் நம் பிக்கப்பில் நான் மாட்டிய ஏசி ஃபில்டரைக் கழற்றிவிட்டீர்களாமே? அம்மா சொல்லித் தெரிந்தது. எரிச்சலாக வருகிறது. லீவில் வந்தபோது பழைய ஃபில்டரை உருவினால், தீவனத் தூசி அதில் கம்பளிபோல் அப்பியிருந்தது. நாமக்கல்லில் முதலில் வாங்கியது அளவு சேரவில்லை. பழையதையே கையில் எடுத்துக்கொண்டு மூன்று கடை ஏறி, நாற்றத்தையும் தடுக்கும் கரி ஃபில்டராகப் பார்த்து வாங்கி மாட்டினேன். "காத்தே வரமாட்டீங்குது சாமி, சன்னலத் தொறந்துக்கறேன்" என்று அன்றே சொன்னீர்கள்.

சன்னலைத் திறந்தால் தூசி நேராக நெஞ்சுக்குத்தான் போகும். இங்கே ஆஸ்பத்திரியில் நாளெல்லாம் யார் யாருக்கோ ஆக்சிஜன் வைக்கிறேன். என் அப்பாவுக்கு ஒரு ஃபில்டர் மாட்ட முடியவில்லை.

கடிதம் கிடைத்ததும் திரும்ப மாட்டுங்கள். ஃபில்டர் ஓரத்தில் இருக்கும் அம்புக்குறி கீழே பார்க்க வேண்டும். மாட்டியதும் போட்டோ அனுப்புங்கள். ஃபில்டர் மட்டும் போதாது, நீங்களும் அதில் தெரிய வேண்டும்.

டூட்டிக்குக் கூட்டிப்போகும் வண்டி ஹாரன் அடிக்கிறது.

உங்கள் மகள்
ரஞ்சனி