கழற்றி வைத்த படம்

12.08.1984, ஞாயிறு

மகள் பரீதாவைப் பார்க்க மாப்பிள்ளை வீட்டார் இன்று மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு வந்தார்கள். அவர்கள் வருமுன் சுவரில் இருந்த அவளுடைய பட்டமளிப்புப் படத்தை நானே கழற்றி அலுமாரிக்குள் வைத்தேன். ஜப்பானில் அவள் படித்த பெண்கள் பல்கலைக்கழகம் மிஷனரிமார் தொடங்கியது. படத்தில் முக்காடிட்டு நிற்கிறாள். பின்னால் கூரையில் சிலுவை தெரிகிறது.

மாப்பிள்ளையின் வாப்பா, "மகள் எங்க படிச்ச?" என்று என்னிடம் கேட்டார்.

"கொழும்பில," என்றேன். எனக்கு என்ன வந்ததோ தெரியவில்லை. தேநீர்த் தட்டோடு பரீதா வாசலில் நின்றிருந்தாள்.

நோன்பு காலத்தில், ஜப்பானில் அவள் தங்கியிருந்த விடுதியின் கிறிஸ்தவக் கிழவி தினமும் விடியுமுன் இவளைச் சஹர் சாப்பாட்டுக்கு எழுப்பிச் சோறு வைப்பாளாம். அதை என் கடைக்கு வந்தவர்களிடமெல்லாம் பெருமையாகச் சொல்லித் திரிந்தவனும் நான்தான்.

அவர்கள் போனதும் கோப்பைகளை எடுக்க வந்தாள். "உனக்காகத்தான் மகள் நான் அப்பிடிச் சொன்ன," என்றேன்.

"நாலு வருஷமும் நான் முஸ்லிம் எண்டத அங்க ஒருத்தருக்கிட்டயும் மறைக்கல்ல வாப்பா," என்றாள். சத்தம் போடவில்லை.

இரவு இஷா தொழுகைக்குப் பிறகு படத்தைத் திரும்ப மாட்டப் போனேன். சுவரில் இருந்த ஆணியை அவள் பிடுங்கிவிட்டிருந்தாள்.