பனிக்கரையில் தங்கிவிட்ட முத்தையாவுக்கு

என் உயிர் மச்சான் முத்தையா,

ரங்கூனுக்கு வந்து சேர்ந்துவிட்டேன். வீட்டில்தான் உட்கார முடியவில்லை. அலோன் துறையிலிருந்து பபேடான் கடைத்தெரு வரை உச்சி வெயிலில் நடக்கிறேன். போன வழியே திரும்பி வருகிறேன். இத்தனை இரைச்சலிலும் அந்தப் பனிக்காற்றுதான் காதில் அடிக்கிறது. உனக்கும் கேட்கிறதா?

உலகத்தின் தென்கோடிக் கரையை அளக்கப் போன கப்பலில் கரி தள்ள இருவரும் சேர்ந்துதான் கையெழுத்துப் போட்டோம். கடல் உறைந்து கப்பலை நொறுக்கியபோது, கரையில் பலகைக் குடிசை போட்டுச் சேர்ந்துதான் ஒண்டினோம். சூரியனே எழாத அந்த மாதங்களில் துரைமார்கூடப் பேச்சை விட்டுவிட்டார்கள். நீ மட்டும் உடம்பு விறைக்காமலிருக்கக் குடிசைக்குள் சுற்றிச் சுற்றி நடப்பாய்.

"மச்சான், இது நம்ம கோயில் தெரு. இந்தா மொஹிங்கா கடை. சூடா ஒரு கிண்ணம் மீன்சாறு குடிச்சிட்டுப் போவோம்."

நான் சிரிப்பேன். பிறகு உன் ஈறில் ரத்தம் கசிந்தது, கால் வீங்கியது. படுத்தபடியே கடைகளைச் சொல்லிக்கொண்டு போனாய். ஒரு நாள் பாதித் தெருவில் நிறுத்திவிட்டாய்.

தோண்ட முடியாத தரை. உன்மேல் கல் அடுக்கினோம். கோடையில் வேறொரு கப்பல் வந்து எங்களை ஏற்றிக்கொண்டது.

இப்போது இன்னொரு கப்பல் தெற்கே போகிறதாம். பனியில் பழகிய ஆள் வேண்டுமாம். பெயர் கொடுத்தேன். நீ அங்கே கிடக்க, இங்கே எனக்குச் சோறு எப்படி இறங்கும்?

என் தங்கை, உன் தங்கம், துறைக்கே வந்துவிட்டாள். இடுப்பில், நீ பார்க்காத உன் மகள்.

"செத்தவருக்குத் துணை போறியா, அண்ணே?"

"அவன் அங்க தனியா கிடக்கிறான், தங்கம்."

"நீ எங்க நடுவுலயே தனியா கிடக்கிறியே! வந்ததுலேருந்து அவரைப் பத்தி ஒரு வார்த்தை சொன்னியா? என்ன பேசினாரு, எப்படிப் போனாரு, ஒண்ணும் தெரியாதே எனக்கு. நீயும் போயிட்டா நான் யாரைக் கேப்பேன்?"

கப்பலுக்கு ஆள் சேர்க்கும் மேஸ்திரியிடம் போய்ப் பெயரை அடித்துவிடச் சொன்னேன், மச்சான். "ஆள் கிடைக்காத நேரத்துல விளையாடுறியா?" என்று கத்தினார். கத்தட்டும்.

மனம் இன்னும் அடங்கவில்லை. இதை எழுதி முடிப்பதற்குள் எத்தனை முறை எழுந்துவிட்டேன்! தங்கம் அடுத்த அறையில் காத்திருக்கிறாள். இதோ போய் அவள் எதிரில் உட்காரப் போகிறேன். உன் கடைசி மூச்சு வரை எதையும் விடாமல் சொல்வேன். அவள் அழுதாலும் எழுந்து போக மாட்டேன்.

உன் மைத்துனன்,
தங்கத்தின் அண்ணன்,
ராசு