மொட்டை மாடியில் ஒரு பூனை

12.5.2006, வெள்ளி
புறா விடுபவனைப் படமெடுத்து என்ன ஆகப்போகிறது என்று அண்ணன் இன்றும் கேட்டார். தன் பனியன் கம்பெனி ஆபீசில் வந்து உட்காரச் சொல்கிறார். பதில் சொல்லி மாளாது.

நான் படமெடுக்கும் லிங்கசாமி வீரபாண்டியில் பனியன் துணி வெட்டும் கட்டிங் மாஸ்டர். மொட்டை மாடி ஏறினால் வேறு ஆள். ஞாயிறன்று பந்தயம். காலை ஆறு மணிக்கு விடும் புறா அதிக நேரம் பறக்க வேண்டும், சொந்த மாடியில்தான் இறங்க வேண்டும். வேறு கூரையில் உட்கார்ந்தால் போச்சு. இரண்டு வருடமாக அவருக்கு இரண்டாமிடம்.

14.5.2006, ஞாயிறு
காலை ஒன்பது மணி நாற்பது நிமிடம். மற்ற புறாக்களெல்லாம் எப்போதோ இறங்கிவிட்டன. லிங்கசாமியின் புறா இனி சொந்த மாடியில் இறங்கினால் போதும், ஜெயித்த மாதிரி. மூன்று முறை மாடிக்குத் தாழ்ந்து வந்தது. கடைசியில் பக்கத்துச் சாயப்பட்டறைக் கூரையில் போய் உட்கார்ந்தது.

நடுவர் நோட்டை மூடினார். லிங்கசாமி என்னிடம் டீ வந்ததா என்று கேட்டார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

16.5.2006
டேப்பை ஓட்டிப் பார்த்தேன். இறக்கைச் சத்தம் பிடிப்பதற்காகக் கைப்பிடிச் சுவரில் மைக் வைத்திருந்தேன். காற்றிரைச்சல் விழாமலிருக்க அதற்குச் சாம்பல் நிறத்தில் ரோமச் சட்டை. புறா ஒவ்வொரு முறையும் அதைப் பார்த்துத்தான் விலகுகிறது.

பூனை என்று நினைத்திருக்கிறது.

அப்படியென்றால் தோற்கடித்தது நான்தானா?

17.5.2006
லிங்கசாமியிடம் சொல்லவில்லை.

20.5.2006
லிங்கசாமியின் மனைவி தெய்வாத்தாள் போன் செய்தார். புறாவை நாளை வெள்ளகோவில்காரர் ஒருவருக்குக் கொடுத்துவிடப் போகிறாராம். சொந்த வீடு தெரியாத புறா எதற்கு என்கிறாராம்.

போனை வைத்ததும் எனக்குள் ஓடியது இதுதான்: அதுக்கா ஊடு தெரியல? தெரிஞ்சுதானே மூணு தடவ வந்துச்சு! சொன்னா இனி என்னைய மாடிப்படி ஏற உடுவாரா? பாதிப் படம் பாக்கி கெடக்குது. சொல்லாட்டி —

21.5.2006
லிங்கசாமிக்குக் கேமராவின் சின்னத் திரையிலேயே போட்டுக் காட்டினேன். இரண்டு முறை பார்த்தார். கூடையில் அடைத்து வைத்திருந்த புறாவை எடுத்துக் கூண்டில் விட்டார். எனக்கு அவமானமாக இருந்தது. பையைத் தூக்கிக்கொண்டு இறங்கும்போது கூப்பிட்டார்.

"அம்மிணி, அந்தப் பூனைய மட்டும் இங்கயே வெச்சுட்டுப் போங்க. அதுக்குப் பழகட்டும்."

23.7.2006
ஆடிக் காற்று. சட்டையில்லாத மைக். எல்லா டேப்பிலும் ஒரே இரைச்சல்.

13.5.2007, ஞாயிறு
காலை பத்து மணி ஐந்து நிமிடம். நேராகக் கைப்பிடிச் சுவரில், அந்த ரோமச் சட்டைக்குப் பக்கத்திலேயே வந்து இறங்கியது. முதலிடம். லிங்கசாமி அழுதார். நானும்தான். கேமரா ஆடிவிட்டது.

8.12.2007
வீரபாண்டி மண்டபத்தில் படம் போட்டோம். அண்ணன் கடைசி வரிசையில் முழுக்க உட்கார்ந்து பார்த்தார். முடிந்ததும் ஒருவர் எழுந்து, படம் நெடுக இவ்வளவு காற்றுச் சத்தம் ஏன் என்று கேட்டார். நான் மைக்கைப் பிடிப்பதற்குள் லிங்கசாமி எழுந்துவிட்டார்.

"மைக்கோட சட்டை என்ற ஊட்டுலதானுங்க இருக்குது. திருப்பிக் குடுக்கலாம்னுதான் பார்த்தேன். நேத்து அதும்மேல முட்டை வெச்சிருக்குதுங்க."