மூன்றாவது பாய்மரம்

ஹிஜ்ரி 1081, ஸஃபர் பிறை 4

சாச்சா மகன் கலந்தரை நினைத்தால் இன்னும் சிரிப்பு அடங்கவில்லை. தோணிரேவில் எங்கள் துறைச் சேற்றில் கிடக்கும் உளுத்த தோணியில் ஒரு மூங்கிலை நட்டு, உம்மாவின் பழைய துப்பட்டியைக் கட்டினேன். "உன் வாப்பா தோணி வந்துடுச்சு, பாயைப் பாரு"ன்னேன். பாயைப் பார்த்ததும் பாய்ந்தான், முழங்கால் சேற்றில். இப்போது என்னோடு பேசுவதில்லை.

துப்பட்டி இன்னும் அங்கேதான் ஆடுகிறது.

பிறை 11

வரிச் சாவடியிலிருந்து ஓலை. எங்களுக்கு மூன்று தோணியாம், மூன்றுக்கும் துறைவரியாம். இருப்பதே பெரியது ஒன்று, சின்னது ஒன்று. வாப்பா சிரித்துவிட்டு இரண்டுக்குக் கட்டினார்.

பிறை 19

பெரிய தோணியை இழுத்துப் போய்க் கோட்டைக் கரையில் ஏற்றிவிட்டார்கள். பதினைந்து நாளில் பாக்கி கட்டாவிட்டால் ஏலம். விறகு ஏற்ற அது ஒன்றுதான். சின்னதில் இரண்டு பேர் உட்கார்ந்தாலே தண்ணீர் உள்ளே எட்டிப் பார்க்கும்.

தோணி எண்ணுகிற எல்லப்பன் கோட்டைக் கொத்தளத்தில் நின்றபடி துரையின் தூரக்கண்ணாடியில் பாய்மரங்களை எண்ணுவானாம்.

பாய்மரம். என் மூங்கிலா?

பிறை 20

விடிந்ததும் ஓடிப்போய்ப் பிடுங்கி ஒளித்துவிட்டேன். வரி ஏட்டிலிருந்து எப்படிப் பிடுங்குவது?

பிறை 21

"மொதல்ல சாவடியில கேளுங்களேன்," என்றார் உம்மா.

"எழுதினவன்கிட்டயே போய் நீ எழுதினது தப்புன்றதா? நேரா கோட்டை நீதித்துரைகிட்டயே போறேன்," என்றார் வாப்பா.

எனக்கு நிம்மதி, வெட்கமில்லாத நிம்மதி. நீதித்துரை சேற்றில் இறங்கிப் பார்க்க மாட்டார்.

பிறை 27

கோட்டை வாசலில் ஆறு நாள் காத்திருந்ததற்கு, வெற்றிலை மடிக்கும் நேரத்தில் பதில். துரைக்கு மொழிபெயர்க்கும் துபாஷி கேட்டானாம்: "சாவடியில முறையிட்டீரா? இல்லையா? அங்க போங்க. அவங்க பார்த்து முடிவு சொல்லட்டும். ஒத்துக்கலன்னா மேலதிகாரி. அங்கயும் ஆவலன்னாதான் இங்க."

கோட்டைக்குப் போய்க் கோட்டைவிட்டோம் என்று சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. எனக்கும் வரவில்லை.

மிச்சம் ஏழு நாள். பெரிய தோணி வெயிலில் காய்ந்து, பலகை இடுக்கில் என் சுண்டுவிரல் போகிறது.

பிறை 28

சாவடி மனுவை என்னை எழுதச் சொன்னார் வாப்பா. வீட்டில் என் எழுத்துதான் அழகாம். "மூணாவது தோணி எனக்கு இல்லன்னு போடு."

போட்டேன். இல்லாத தோணி கண்ணாடியில் எப்படித் தெரிந்தது என்று கேட்பார்களே? வாப்பா என்ன சொல்வார்? சொல்லாவிட்டால் தோணி போகும். சொன்னால்? என்னை எப்படிப் பார்ப்பார்?

அடியில் மூன்று வரி சேர்த்தேன். மூங்கில், துப்பட்டி, என் பெயர்.

வாப்பா படித்தார். மறுபடி படித்தார். கையெழுத்துப் போட்டு மடித்துக்கொண்டு போய்விட்டார். அடித்திருந்தால் தேவலை.

ரபீஉல் அவ்வல், பிறை 2

சாவடித் தலைவர் கங்காதரன் மனுவை எல்லோர் முன்னாலும் உரக்கப் படித்தார். "மரைக்காயரே, பொண்ணு எழுதினதா, நீங்க எழுத வச்சதா?"

"தோணி போவுதேன்னு பொண்ணு மேல பழி போடுறாரு," என்றான் எல்லப்பன்.

மூங்கிலைக் காட்டினேன். மூங்கில் யார் வீட்டில் இல்லை என்றார்கள்.

அப்போது பின்னாலிருந்து கலந்தர்: "நான் ஏமாந்தேன், ஐயா. எங்க வாப்பா வந்துட்டாருனு ஓடினேன். முட்டி வரைக்கும் சேறு." சாவடியே சிரித்தது. காது சிவந்தது அவனுக்கு. ஆனாலும் நகரவில்லை.

கங்காதரன் செருப்பைக் கழற்றிவிட்டு எங்களோடு சேற்றில் இறங்கினார். உளுத்த தோணிக்குள் நண்டுதான் குடியிருந்தது. நான் நட்ட துளையில் மூங்கில் அளவாகப் போய் உட்கார்ந்தது.

பிறை 3

இரண்டு தோணிதான் என்று திருத்தி எழுதிவிட்டார்கள். ஏலம் இல்லை. மேலதிகாரியிடமும் போகவேண்டாம், கோட்டைக்கும் போகவேண்டாம்.

வாப்பா இன்னும் என்னோடு பேசவில்லை.

பிறை 7

காய்ந்த பலகை ஊறட்டும் என்று மூன்று நாளாக ஆழமில்லாத தண்ணீரில் அமிழ்த்திவைத்த தோணி இன்று மிதந்தது. அதைத் தள்ளுவதற்கு வாப்பா அந்த மூங்கிலையே என் கையில் கொடுத்தார். வாய் திறக்காமல்தான்.

எல்லப்பன் இப்போது துறை துறையாக நடந்து வந்து எண்ணுகிறான். பெரிய தோணியில் ஒரு தட்டு. சின்னதில் ஒரு தட்டு. அப்புறம் என் மூங்கிலில் ஒன்று.

"மரைக்காயரே, இதுக்கும் வரி போட்டுடவா?"

வாப்பா சிரித்துவிட்டார்.